வெண்கலப் பானையிலிருந்து இசை: எங்கே தொடங்குவது?

கேள்வி: கானாடுகாத்தானில் உள்ள எங்கள் பூர்வீக வீட்டின் வெண்கலப் பானை, ஆட்டுக்கல், தேக்குக் கதவு ஆகியவற்றின் ஓசைகளைக் கைப்பேசியில் பதிந்து, கணினியில் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கினேன். இரைச்சலாகவே கேட்கிறது. விலையுயர்ந்த மைக் வாங்க வேண்டுமா?

பதில்: இப்போதைக்கு வேண்டாம். எல்லா ஓசைகளையும் ஒரே நேரத்தில் ஒலிக்கவிட்டதே இரைச்சலுக்குக் காரணமாக இருக்கும். முதலில் பானையோடு மட்டும் பழகுங்கள். அதை வைக்கோல் பிரிமணையில் அமர்த்தி, விளிம்பை விரல்கணுவால் தட்டுங்கள். ஆத்தங்குடிக் கல் பதித்த தரையில் நேராக வைத்தால், அடிப்பாகம் தரையில் மோதிக் கடகடக்கும். தண்ணீர் ஊற்ற ஊற்ற, அதிரும் எடை கூடிச் சுருதி இறங்கும். ஜலதரங்கக் கிண்ணங்களில் நடப்பதும் இதுவே. தட்டியவுடன் பானையைச் சற்றே சாய்த்துத் தண்ணீரை அலையவிட்டால் நாதம் நெளிவதைக் கேட்பீர்கள்.

இரைச்சல் நீக்கும் வசதியும் ஒலியளவைத் தானாகக் கூட்டிக் குறைக்கும் வசதியும் பேச்சுக்காக அமைந்தவை. பானையின் நீண்ட கார்வையை அவை வேண்டாத சத்தமாகக் கருதி நசுக்கிவிடக்கூடும் என்பதால், இரண்டையும் அணைக்க இடமளிக்கும் பதிவுச் செயலியைப் பயன்படுத்தி, ஒலியைச் சுருக்காமல் வைக்கும் வேவ் (WAV) கோப்பாகச் சேமியுங்கள்.

பிறகு, கட்டணமில்லாமல் கிடைக்கும் ஆடாசிட்டி மென்பொருளில் அந்தத் தட்டலின் தொடக்கத்தை மட்டும் வெட்டிவிட்டுக் கேளுங்கள். 1948இல் பாரிஸில் ரயில் ஓசைகளை இசைத்தட்டில் பதிந்து கோத்து இசையாக்கிய பியர் ஷேஃபர், மணியோசையின் தொடக்கத்தை நீக்கியபோது அது மணியென்றே அடையாளம் தெரியாமல் போனது. ஒரு பொருளை நம் காது இனங்காண்பது பெரும்பாலும் அந்த முதற்கணத்தால்தான். வேகத்தைப் பாதியாக்கினால் சுருதி ஒரு ஸ்தாயி இறங்கும்.

உங்களிடம் உள்ளவற்றில் ஆட்டுக்கல்லையே நான் மிக உயர்வாக மதிக்கிறேன். ஊறிய அரிசியைப் போட்டதும் எழும் கரகரப்பு, மாவு மசிய மசியத் தணிந்து, கடைசியில் குழவி வழுக்கிச் சுற்றும் மழமழப்பாக மாறுகிறது. ஒரு படைப்புக்கு வேண்டிய தொடக்கமும் வளர்ச்சியும் முடிவும் அதிலேயே இருக்கின்றன. ஆட்டுபவரின் கை சில சுற்றுகளில் தயங்கும், சிலவற்றில் விரையும். அந்த ஏற்ற இறக்கத்தைக் கணினித் தாளத்துக்குள் அடக்காதீர்கள். முழுப் பதிவையும் அடித்தளமாக வைத்து, அதன்மேல் பானையின் நாதத்தை அரிதாக மட்டும் சேருங்கள்.

கதவின் ஓசையைப் பதிய, அதிர்வை மின்குறிகையாக மாற்றும் மலிவான பீசோ தகடு போதும். கதவு சுழலும் குடுமிக்கு அருகில் பொருத்தி, ஒலிப்பதிவுக் கருவியில் கிட்டார் செருகும் உள்ளீட்டில் இணையுங்கள். சாதாரண மைக் உள்ளீட்டில் இணைத்தால் கனமான கீழ் ஓசைகள் மெலிந்துவிடும். பசை தேக்கின் மெருகைக் கெடுக்கும். எளிதில் உரியும் காகித டேப்பால் ஒட்டுங்கள்.