பழைய கைப்பேசியில் ‘வெளியேறு’ என்பதை மட்டும் தொடாதீர்கள்

கேள்வி: தாராவி 90 அடிச் சாலையில் தையல் கடை வைத்திருக்கிறேன். அம்மாவைப் பார்த்துக்கொள்ள ஊருக்குப் போய் எட்டு மாதம் தங்கிவிட்டேன். ரீசார்ஜ் செய்யாததால் மும்பை எண் போய்விட்டது. இப்போது வேறு எண். புதிய கைப்பேசியில் என் கூகுள் கணக்கைத் திறந்தால் கடவுச்சொல்லை ஏற்றுக்கொள்கிறது, ஆனால் ஓடிபியைப் பழைய எண்ணுக்கு அனுப்புகிறது. வாடிக்கையாளர்களுக்குக் காட்டும் ரவிக்கைப் படங்கள் எல்லாம் அதில்தான் இருக்கின்றன. பழைய கைப்பேசியில் மட்டும் எதுவும் கேட்காமல் திறக்கிறது. அதன் பேட்டரியோ அரை மணி நேரம்கூட நிற்பதில்லை. பக்கத்துக் கடைக்காரர் 500 ரூபாய்க்கு மீட்டுத் தருவதாகச் சொல்கிறார். கொடுக்கலாமா? இன்னொன்று: நூலும் பொத்தானும் வாங்கும் தளத்தில் கடவுச்சொல் மறந்துவிட்டது. பழையதைச் சொல்லுங்கள் என்றால், புதிதாக வைக்கச் சொல்கிறார்கள். அவர்களிடம்தானே இருக்கிறது?

பதில்: 500 ரூபாயைக் கொடுக்காதீர்கள். அதில் ஒரு பங்கைப் பழைய கைப்பேசிக்குப் புது பேட்டரி போடச் செலவழியுங்கள். உங்கள் கணக்கின் சாவி இப்போது அந்தக் கைப்பேசிதான். பேட்டரி மாற்றுவதால் உள்ளே இருப்பது அழியாது. ஆனால் பழுது பார்ப்பவர் வேகமாக ஓடட்டும் என்று உள்ளே இருப்பதையெல்லாம் அழித்து ‘ரீசெட்’ செய்துவிடக் கூடும். பக்கத்திலேயே நின்று வாங்கி வாருங்கள். எங்கள் வீட்டில் இப்படித்தான் ஒரு கணக்கு போனது. மாமாவின் பழைய கைப்பேசியை நல்லெண்ணத்தோடு ரீசெட் செய்து பேரனுக்குக் கொடுத்துவிட்டார்கள்.

அந்தக் கைப்பேசி மட்டும் ஏன் கேள்வி கேட்காமல் திறக்கிறது? உங்கள் கடையையே எடுத்துக்கொள்ளுங்கள். துணி கொடுக்க வருபவரிடம் முதல் நாள் பெயர் கேட்கிறீர்கள், அளவு எடுக்கிறீர்கள், பில் கிழித்துக் கொடுக்கிறீர்கள். அடிக்கட்டை உங்களிடம் இருக்கிறது. வாங்க வரும்போது பில்லை நீட்டினால் போதும். பையனை அனுப்பினாலும் ரவிக்கையைக் கொடுத்துவிடுகிறீர்கள். இணையத்திலும் அதேதான். கடவுச்சொல்லும் ஓடிபியும் முதல் நாள் விசாரணை. அதில் தேறியதும் தளம் உங்கள் கருவிக்கு நீளமான ரகசிய எண் ஒன்றைக் கொடுத்து, அடிக்கட்டையைத் தன்னிடம் வைத்துக்கொள்கிறது. உலாவியில் இதைக் குக்கீயாகச் சேமித்து வைப்பார்கள். அடுத்த முறை கருவி அந்த எண்ணைக் காட்டுகிறது, கதவு திறக்கிறது. ‘வெளியேறு’ என்பது பில்லைக் கிழித்துப் போடுவது. கிழித்துவிட்டால் மறுபடி முதல் நாள் விசாரணை. அதற்குப் பதில் சொல்ல வேண்டிய எண்ணோ உங்களிடம் இல்லை. பில் யார் கையில் இருக்கிறதோ அவருக்கே ரவிக்கை என்பதால், கைப்பேசித் திரைக்குப் பூட்டும் கட்டாயம்.

பேட்டரி சரியானதும் பழைய கைப்பேசியை வைஃபையில் இணையுங்கள். சிம் தேவையில்லை. கூகுள் கணக்கில் ‘பாதுகாப்பு’ பக்கத்துக்குப் போனால் பெரும்பாலும் கடவுச்சொல்லை ஒரு முறை கேட்கும். அது உங்களுக்குத் தெரியும். அங்கே பலரும் தடுக்கி விழும் இடம் ஒன்று இருக்கிறது. கணக்கை மீட்பதற்கான எண் ஒரு வரியில் இருக்கும், இருபடிச் சரிபார்ப்புக்கான எண், அதாவது கடவுச்சொல்லுக்குப் பிறகு ஓடிபி வரும் எண், இன்னொரு வரியில் இருக்கும். ஒன்றை மாற்றினால் மற்றது தானாக மாறாது. இரண்டிலும் புதிய எண்ணைப் போடுங்கள். மீட்பு மின்னஞ்சலாக வீட்டில் நம்பகமான ஒருவருடைய முகவரியைச் சேருங்கள். எண்ணை மாற்றிய பிறகும் ஒரு வாரம் வரை பழைய எண்ணுக்கே குறியீடு அனுப்பவா என்று கேட்கலாம். திருடன் நுழைந்து எண்ணை மாற்றியிருந்தால் உரியவர் சுதாரித்துக்கொள்ளக் கொடுக்கும் அவகாசம் அது. பதறி மறுபடி மறுபடி முயலாதீர்கள்.

புதிய கைப்பேசியில் நுழையும்போது பழையதைப் பக்கத்தில் திறந்து வையுங்கள். ‘வேறு வழியில் முயல்க’ என்பதைத் தொட்டால், ‘நீங்கள்தானா?’ என்ற கேள்வி பழைய கைப்பேசித் திரையில் வர வாய்ப்புண்டு. அது இணையம் வழியாக வருவது, எஸ்எம்எஸ் அல்ல. ‘ஆம்’ என்று தொட்டால் முடிந்தது. நீங்கள் எங்கும் நுழையாத நேரத்தில் இதே கேள்வி வந்தால் மட்டும் ‘இல்லை’. தூக்கக் கலக்கத்தில் ‘ஆம்’ தட்டிக் கணக்கை இழந்தவர்கள் உண்டு.

அடுத்தது பழைய எண். பயன்படுத்தாததால் துண்டித்த எண்ணைக் குறைந்தது 90 நாள் கழித்தே இன்னொருவருக்கு ஒதுக்குவார்கள் என்று 2023-இல் தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையமான டிராய் உச்ச நீதிமன்றத்தில் சொன்னது. நீங்கள் எட்டு மாதம் ஊரில் இருந்திருக்கிறீர்கள். அந்த எண் இந்நேரம் யாரோ ஒருவருடைய கைப்பேசியில் ஒலித்துக்கொண்டிருக்கலாம். கூகுள் கணக்கில் நுழையக் கடவுச்சொல்லும் வேண்டும் என்பதால் அங்கே ஆபத்து குறைவு. ஆனால் எண்ணும் ஓடிபியும் மட்டுமே கேட்கும் தளங்களில் அந்தப் புதியவர் உங்கள் பெயரில் நுழைந்துவிட முடியும். அதனால் வங்கிக் கிளைக்கு நேரில் போய் எண்ணை மாற்றுவதைக் கூகுளுக்கும் முன்னால் செய்யுங்கள். பணம் போயிருப்பது தெரிந்தால் உடனே இணைய மோசடிக்கான உதவி எண் 1930-ஐ அழையுங்கள்.

பக்கத்துக் கடைக்காரர் நல்லவராகவே இருக்கலாம். ஆனால் கூகுளுக்குள் அவருக்கென்று தனி வழி கிடையாது. உங்கள் கடவுச்சொல்லை வாங்கிக்கொண்டு, நீங்கள் பார்க்கிற அதே பக்கத்தைத்தான் அவரும் பார்ப்பார். நீங்கள் வழக்கமாகப் பயன்படுத்தும் கருவி, வழக்கமான இடம் இரண்டும் மீட்புக்கு உதவும். அவருடைய கணினி உங்கள் வழக்கமான கருவி அல்ல.

பொத்தான் தளத்தின் விஷயம். அவர்கள் பொய் சொல்லவில்லை. ஒழுங்காக நடத்தும் தளத்தில் உங்கள் கடவுச்சொல் இருக்காது. நீங்கள் எழுதியதைக் கணக்குப் போட்டு அரைத்து, அந்த மாவை மட்டும் வைத்துக்கொள்வார்கள். அடுத்த முறை எழுதுவதையும் அப்படியே அரைத்து, இரண்டு மாவும் ஒன்றுதானா என்று பார்ப்பார்கள். மாவிலிருந்து அரிசிக்குத் திரும்ப முடியாது. இருவர் ஒரே சொல்லை வைத்திருந்தாலும் மாவு வேறாக வரவேண்டும் என்று ஆளுக்கொரு பிடி வேறு எழுத்துகளைக் கலப்பார்கள்; ஆங்கிலத்தில் அதற்கு உப்பு (salt) என்றுதான் பெயர். இதையெல்லாம் யோசிக்காத காலமும் இருந்தது. 1962-இல் அமெரிக்காவின் எம்ஐடி பல்கலைக்கழகத்தில் ஆலன் ஷெர் என்ற மாணவர், கணினியில் தனக்குக் கூடுதல் நேரம் வேண்டும் என்று, எல்லோருடைய கடவுச்சொல்லும் அரைக்காமல் அப்படியே இருந்த கோப்பை அச்சிட்டு எடுத்துக்கொண்டார். ‘மறந்துவிட்டேன்’ என்றதும் உங்கள் பழைய கடவுச்சொல்லை அப்படியே அனுப்பிவைக்கும் தளம் இன்றும் எங்காவது இருந்தால், அங்கே அட்டை எண்ணைக் கொடுக்காதீர்கள்.

எண்கள் மாறியதும் கடைசியாக ஒரு வேலை. இருபடிச் சரிபார்ப்பு இயங்கினால் கூகுள் 10 காப்புக் குறியீடுகள் தரும். ஒவ்வொன்றும் எட்டு இலக்கம், ஒரு முறைதான் செல்லும். சிம்மும் கைப்பேசியும் இல்லாத நாளில் ஓடிபிக்குப் பதிலாக அவற்றில் ஒன்றை எழுதி நுழையலாம். அவற்றைத் தாளில் எழுதி, வீட்டில் ரேஷன் அட்டையோடு வையுங்கள். கடையின் அளவு நோட்டில் வேண்டாம். அதை வருகிறவர் போகிறவர் எல்லோரும் புரட்டுவார்கள்.