கம்பெனிய மூடிட்டா போர்வெல் தண்ணிக்கு யார் பொறுப்பு?

கேள்வி: சார், நாங்க பெங்களூர் பீன்யா பக்கம் குடியிருக்கோம். பக்கத்துல ஒரு குரோம் பிளேட்டிங் யூனிட் இருந்துச்சு, போன வருஷம் மூடிட்டாங்க, இடத்தையும் ஒரு பில்டருக்கு வித்தாச்சு. எங்க போர்வெல் தண்ணி பக்கெட்ல புடிச்சா மஞ்சளா தெரியுது. பழைய ஓனர்கிட்ட போனா "கம்பெனியே இல்ல, என்னை எதுக்கு கேக்கறீங்க"ங்கறார். அவர் சொல்றது சரியா?
- ஒரு வாசகி, பெங்களூரு

பதில்: சரியே இல்லம்மா. ஆனா சட்டத்துக்கு முன்னாடி ஒண்ணு, அந்தத் தண்ணிய குடிக்கவும் சமைக்கவும் இன்னிக்கே நிறுத்துங்க. குரோம் பிளேட்டிங் கழிவுல இருக்கற குரோமியம்ங்கற நச்சு உலோகம் காய்ச்சினா போகாது, தண்ணி சுண்டச் சுண்ட மிச்சத்துல அது இன்னும் அதிகமாத்தான் ஆகும். இரும்புச்சத்தாலயும் மஞ்சள் வரலாம்ங்கறதால அங்கீகாரம் உள்ள லேப்ல குரோமியம்னு கேட்டே டெஸ்ட் பண்ணுங்க, லிட்டருக்கு 0.05 மில்லிகிராம்தான் குடிநீருக்கு உச்ச வரம்பு.

இப்ப உங்க கேள்விக்கு வரேன். டெல்லி ஸ்ரீராம் ஆலைல 1985ல ஆசிட் வாயு கசிஞ்ச வழக்குல, ஆபத்தான தொழில் பண்றவங்க "என் தப்பு இல்ல"ன்னு சொல்லித் தப்பிக்க முடியாதுன்னு சுப்ரீம் கோர்ட் தீர்மானமா சொல்லிடுச்சு. ராஜஸ்தான் பிச்ரி கிராமத்து வழக்கு உங்க கதைக்கு இன்னும் கிட்ட வரும். அங்க சாயத்துக்கான எச்-ஆசிட்னு ஒரு கெமிக்கல் தயாரிச்சாங்க, உற்பத்திய நிறுத்தின பிறகும் கொட்டி வெச்ச கழிவு நிலத்துல இறங்கி ஊர்க் கிணறெல்லாம் பாழாச்சு. 1996 தீர்ப்புல, நட்ட ஈடு மட்டும் இல்ல, மண்ணையும் நிலத்தடி நீரையும் பழையபடி ஆக்கற செலவும் கம்பெனி தலையிலதான்னு சொன்னாங்க, ஒரே வளாகத்துல இருந்த அதே குரூப் கம்பெனிங்க எல்லாத்தையும் சேர்த்தே பொறுப்பாக்கினாங்க. ஆனா பணம் வரல, இழுத்தடிச்சாங்க, 2011ல கோர்ட் வட்டிக்கு வட்டி போட்டு கட்டச் சொல்ல வேண்டியதாச்சு. நினைச்சா வயிறு எரியுது, அத்தனை வருஷம் அந்த ஜனங்க எந்தத் தண்ணிய குடிச்சிருப்பாங்க? போபாலயும் பாருங்க, விஷவாயு கசிஞ்சது 1984ல, ஆலைல கிடந்த 337 டன் கழிவ எரிக்கறதுக்கு பீதம்பூருக்கு ஏத்தினதே 2025 ஜனவரிலதான்.

அதனால கையில காசும் சொத்தும் இருக்கற ஆளு காணாம போறதுக்குள்ள நீங்க முந்திக்கணும். சர்ச் ஸ்ட்ரீட் பரிசர பவன்ல இருக்கற மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்துல எழுத்துல புகார் குடுங்க, கூடவே ஆர்டிஐ போட்டு அந்த யூனிட்டோட கன்சென்ட் ஃபைல கேளுங்க, யார் பேர்ல அனுமதி, என்ன கழிவு, எங்க அனுப்பினாங்கன்னு அதுல இருக்கணும். அப்புறம் சுற்றுச்சூழல் வழக்குகளுக்குன்னே இருக்கற தேசிய பசுமைத் தீர்ப்பாயத்துக்குப் போங்க, கர்நாடகாவுக்கு அதோட தென்மண்டல பெஞ்ச் சென்னைலதான் இருக்கு. அங்க தப்பு யாரோடதுன்னு நீங்க நிரூபிக்கணும்னு இல்ல, பாதிப்பு அந்த யூனிட்லேர்ந்துதான் வந்துச்சுன்னு காட்டினா போதும். ஆனா நட்ட ஈடும் சீரமைப்பும் கேக்கறதுக்கு, பிரச்சனை முதல்ல தலைதூக்கினதிலேர்ந்து அஞ்சு வருஷம்தான் டைம். 2025 ஜூலைல மாசுபட்ட இடங்களுக்குன்னே மத்திய அரசு கொண்டு வந்த விதிகள்லயும் சுத்தம் பண்ற செலவு மாசுபடுத்தினவங்களோடதுதான்.

பில்டருக்கும் லேப் ரிப்போர்ட்டோட ஒரு பதிவுத் தபால் போடுங்க. அஸ்திவாரம் தோண்டி அந்த மண்ண லாரில வேற ஏரியால கொட்டிட்டா அங்கயும் இதே கதைதான், உங்க கேஸுக்கான ஆதாரமும் அதோட போயிடும்.