மூன்று நிமிடத்துக்கு ஒரு முகாம் போதும்

வணக்கம் அம்மா. "பேச்சுவார்த்தை போரை நிறுத்துமா?" என்ற தலைப்பில் விவாதப் போட்டியில் பேச உங்கள் மகளுக்கு மூன்று நிமிடம்தான் இருக்கிறது, கையில் ஐ.நா. அமைப்புகளின் பட்டியல்தான் இருக்கிறது என்று எழுதியிருந்தீர்கள். அந்தப் பட்டியலைத் தூக்கிப் போடச் சொல்லுங்கள். நடுவர் கொட்டாவி விடுவார்.

1978 செப்டம்பர், அமெரிக்க அதிபரின் ஓய்வு மாளிகையான கேம்ப் டேவிட். இதை மட்டும் பேசட்டும். சமாதானம் பேச வந்த எகிப்து அதிபர் சதாத்தும் இஸ்ரேல் பிரதமர் பெகினும் முதல் சில நாட்களிலேயே முகம் கொடுத்துப் பேச முடியாத நிலைக்கு வந்துவிட்டார்கள். அமெரிக்க அதிபர் கார்ட்டர் ஒரே உடன்பாட்டு வரைவை இருவரிடமும் மாறி மாறிக் கொண்டுபோய்த் திருத்தினார். 23 வரைவுகள்! இடையில் சதாத் கிளம்பத் தயாராகிவிட்டார். கார்ட்டர்தான் தடுத்து நிறுத்தினார். கடைசி நாளில் பெகின் முறுக்கிக்கொண்டார். மூன்று தலைவர்களும் இருக்கும் புகைப்படங்களில், ஒவ்வொன்றிலும் பெகினின் பேரப்பிள்ளை ஒருவரின் பெயரை எழுதிக் கையெழுத்திட்டுக் கொண்டுபோனார் கார்ட்டர். பெயர்களை வாசித்த பெகினின் கண்கள் கலங்கின. மகள் இந்த இடத்தில் சற்று நிறுத்தி, நிதானமாகச் சொல்லட்டும்.

1979 மார்ச்சில் இரு நாடுகளின் சமாதான ஒப்பந்தம் கையெழுத்தானது. 1967 போரில் எகிப்திடமிருந்து பிடித்த சினாய் தீபகற்பத்திலிருந்து 1982 ஏப்ரலில் இஸ்ரேல் வெளியேறியது. அதுவரை நான்கு பெரிய போர்களில் மோதிய இரு நாடுகளும் அதன்பின் போரிடவில்லை.

எதிரணி சும்மா இருக்காது. கேம்ப் டேவிட்டில் பேசிய பாலஸ்தீனர்களுக்கான தன்னாட்சி காகிதத்தோடு நின்றது, சமாதானம் செய்ததற்காக அரபு நாடுகளின் கூட்டமைப்பான அரபு லீகிலிருந்து எகிப்து விலக்கி வைக்கப்பட்டது, சதாத் 1981-இல் கொல்லப்பட்டார் என்று அடுக்குவார்கள். அவற்றை உங்கள் மகளே முந்திக்கொண்டு சொல்லிவிடட்டும். அரை நிமிடம் ஒதுக்கினால் போதும்.