ஹோஷங் மெர்ச்சன்ட்டைப் ‘பால்புதுமைக் கவிஞர்’ என்று ஏன் தனியாகக் குறிப்பிடுகிறார்கள்?

ஆண்-பெண் காதல் மட்டுமே இயல்பு என்ற வரையறைக்குள் அடங்காதவர்களைப் பால்புதுமையினர் என்கிறோம். 1947இல் மும்பையில் பார்சிக் குடும்பத்தில் பிறந்து, ஹைதராபாத் பல்கலைக்கழகத்தில் ஆங்கிலம் கற்பித்த மெர்ச்சன்ட், ஆண்மீது ஆண் கொள்ளும் காதலைத் தம் சொந்தப் பெயரிலேயே ஆங்கிலக் கவிதையாக்கினார். அந்த உறவை இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 377ஆம் பிரிவு குற்றமாக வைத்திருந்த 1999இல், இத்தகைய இந்திய எழுத்துகளைத் திரட்டி ‘யாரானா’ என்ற தொகுப்பை வெளியிட்டார். உச்ச நீதிமன்றம் அந்த உறவைக் குற்றமல்ல என்றதோ 2018 செப்டம்பரில்தான். ஆகவே, எழுதியதே அவருடைய களப்பணி.

கடலூர் முதுநகரிலிருந்து இருட்டில் கடலுக்குப் போகும் படகுகளில் ஒன்று விளக்கேற்றினால், தொலைவிலுள்ள படகுக்காரருக்கும் தாம் தனியாக இல்லை என்பது தெரிந்துவிடும். புதுச்சேரியில் யாரிடமும் மனம் திறக்க முடியாத ஓர் இளைஞருக்கு அந்தத் தொகுப்பு தருவதும் அதுவே. மெர்ச்சன்ட்டின் பெருங்கொடை இதுதான் என்பேன்.

அவர் காமத்தை மட்டுமே எழுதினார் என்று பலர் எண்ணுவது சரியன்று: தாயின் நினைவும், ஈரானிலும் எருசலேமிலும் வாழ்ந்த அனுபவமும் அவர் எழுத்தில் உண்டு.