வண்டிப்பாதையை அடைத்த வேலி

கேள்வி: சாலையிலிருந்து எங்கள் வயல்களுக்குச் செல்லும் வண்டிப்பாதையைப் பக்கத்து நிலக்காரர் தம் நிலத்தோடு சேர்த்து முள்வேலி போட்டுவிட்டார். அறுவடை இயந்திரம் உள்ளே வர வழியில்லை. கேட்டால், பத்து ஆண்டுகளாக பி மெமோ கட்டி வருவதால் இடம் தமக்கே சொந்தம் என்கிறார். கிராம நிர்வாக அலுவலரிடம் நேரில் சொல்லியும் பயனில்லை. நாங்களே வேலியைப் பிரித்துவிடலாமா?
- பெயர் வெளியிட விரும்பாத வாசகர், தஞ்சாவூர் மாவட்டம்

பதில்: பிரிக்காதீர்கள். பிரித்தால் நீங்கள் குற்ற வழக்கில் சிக்குவீர்கள். நியாயம் உங்கள் பக்கம் இருந்தும், வாய்தாவுக்கு அலைவது நீங்களாக இருப்பீர்கள்.

அந்தப் பாதை யாருடையது என்பதை ஆவணத்தில் பார்ப்பதுதான் முதல் வேலை. புல வரைபடத்தையும், ஒவ்வொரு புல எண்ணும் என்ன வகை நிலம் என்று காட்டும் கிராமக் கணக்கான அ பதிவேட்டையும் எடுத்துப் பாருங்கள். ‘பாதை புறம்போக்கு’ என்றோ ‘வண்டிப்பாதை’ என்றோ பதிவாகியிருந்தால் அது அரசு நிலம். இப்போதைய பதிவில் அப்படி இல்லையென்றால் அதோடு விட்டுவிடாமல், நிலப் பதிவேடுகளைப் புதுப்பிக்க 1980-களில் நடந்த யூ.டி.ஆர். அளவைக்கு முந்தைய பதிவேட்டின் நகலையும் கேட்டு வாங்குங்கள். அந்த அளவையின்போது தவறுதலாகப் பட்டாவில் சேர்ந்துபோன இடங்கள் உண்டு. பழைய பதிவேட்டிலும் அது தனியார் நிலம்தான் என்றால், 1882-ஆம் ஆண்டின் வசதியுரிமைச் சட்டப்படி, இருபது ஆண்டுகளுக்குக் குறையாமல் வெளிப்படையாகவும் தடையின்றியும் உரிமையோடு அவ்வழியே சென்று வந்ததைக் காட்டி உரிமையியல் நீதிமன்றத்தை நாட வேண்டியிருக்கும்.

பி மெமோவைக் கண்டு நீங்கள் அஞ்ச வேண்டியதில்லை. அது அரசு நிலத்தில் அனுமதியின்றி இருப்பவருக்கு விதிக்கப்படும் தீர்வையும் அபராதமுமே தவிர, உரிமை தரும் பத்திரம் அன்று. அவர் கையிலுள்ள ஒவ்வொரு ரசீதும் அந்த இடம் தமக்குச் சொந்தமில்லை என்பதற்கு அவரே வைத்திருக்கும் சான்று. அரசு தன் நிலத்தை மீட்க வழக்குத் தொடுப்பதற்குக் காலவரையறைச் சட்டம் முப்பது ஆண்டுகள் தருவதால், பத்தாண்டு அனுபவம் என்ற வாதமும் எடுபடாது.

ஆவணங்கள் கைக்கு வந்ததும், பாதையைப் பயன்படுத்தும் விவசாயிகள் அனைவரும் கையெழுத்திட்டு, புல எண், அகலம், அடைக்கப்பட்ட நாள், புகைப்படம் ஆகியவற்றோடு வட்டாட்சியருக்கு ஒப்புகை அட்டையுடன் பதிவுத் தபாலில் மனு அனுப்புங்கள். 1905-ஆம் ஆண்டின் தமிழ்நாடு நில ஆக்கிரமிப்புச் சட்டம் பொதுச் சாலைகளையும் பாதைகளையும் அரசின் சொத்தாகவே கருதுகிறது. அதன் 7-ஆம் பிரிவின்படி விளக்கம் கேட்டு அறிவிப்பு அனுப்பி, பதிலைப் பரிசீலித்த பின், 6-ஆம் பிரிவின்படி ஆக்கிரமிப்பை அகற்றலாம். அறிவிப்பைத் தவிர்க்கும்படி யாரும் அவசரப்படுத்த வேண்டாம். அந்த ஒரு குறையே, எதிர்த் தரப்பு தடையாணை பெறப் போதுமானதாகிவிடும்.

அறுவடை நெருங்கிவிட்டதால், கோட்டாட்சியரிடம் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 152-ஆம் பிரிவின்கீழும் மனு கொடுங்கள். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 133-ஆம் பிரிவுதான் இது. பொதுவழியின் தடையை அகற்ற நிபந்தனை ஆணையிட அவருக்கு அதிகாரம் உண்டு. ஆனால், அது பொதுவழியே அன்று என்று எதிர்த் தரப்பு நம்பத்தக்க சான்று காட்டினால், உரிமையியல் நீதிமன்றம் முடிவு செய்யும்வரை அவர் நடவடிக்கையை நிறுத்திவைக்க நேரும். ஆவணத்தை முதலில் தேடச் சொன்னதற்கு இதுவும் ஒரு காரணம்.

இதன் பிறகும் அசைவில்லை என்றால், அரசியலமைப்பின் 226-ஆம் பிரிவின்கீழ் உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் நீதிப்பேராணை (ரிட்) மனு தாக்கல் செய்யலாம். மனுவைக் குறித்த காலத்துக்குள் பரிசீலிக்கும்படி அதிகாரிக்கு உத்தரவிடுவதே பெரும்பாலும் நடப்பதால், ஒப்புகை அட்டையைத் தொலைத்துவிடாதீர்கள். கிராமப் பொது நிலங்களின் ஆக்கிரமிப்புகளை அகற்றத் திட்டம் வகுக்குமாறு எல்லா மாநிலங்களுக்கும் உச்ச நீதிமன்றம் ஜக்பால் சிங் வழக்கில் 2011 ஜனவரி 28 அன்று பிறப்பித்த உத்தரவையும் உங்கள் வழக்கறிஞர் எடுத்துக்காட்டலாம்.

கேள்வி: எங்கள் கடைத்தெரு நடைபாதையில் கடைக்காரர்கள் படிக்கட்டு கட்டியிருக்கிறார்கள், தள்ளுவண்டிகளும் நிற்கின்றன. இரண்டையும் சேர்த்தே புகார் செய்யலாமா?
- ஒரு வாசகி, திருச்சி

பதில்: தனித்தனியாகச் செய்யுங்கள். நடைபாதையில் நிலையாகக் கட்டிய படிக்கட்டை மாநகராட்சி அகற்றலாம். தள்ளுவண்டிக்காரருக்கோ 2014-ஆம் ஆண்டின் தெருவோர வியாபாரிகள் சட்டம் பாதுகாப்புத் தருகிறது: கணக்கெடுப்பு முடிந்து சான்றிதழ் வழங்கப்படும்வரை அவரை வெளியேற்றக் கூடாது, பிறகும் முப்பது நாள் அறிவிப்பு வேண்டும். நடக்க வழிவிட்டு அவர்களுக்கு இடம் ஒதுக்கும்படி நகர விற்பனைக் குழுவிடம் கேளுங்கள். சிமென்ட் படியையும் அன்றாடப் பிழைப்பையும் ஒரே மனுவில் எழுதினால், முதலில் அகற்றப்படுவது தள்ளுவண்டியாகத்தான் இருக்கும்.