இல்லாத ஊரின் இரவு

அன்புள்ள அக்கா,

‘கீழொளி’ தொடரில் இதுவரை வந்த ஏழு அத்தியாயங்களையும் படித்துவிட்டேன். வெளிச்சம் வானத்திலிருந்து வராமல் கீழே இருக்கும் தண்ணீரிலிருந்து வரும் உலகம், அதன்மேல் மிதக்கும் நிலம், பாய்களை அடுக்கி இருட்டு உண்டாக்கித் தூங்கும் மக்கள் எல்லாம் பிடித்திருக்கிறது. இரண்டு கேள்விகள். மூன்றாம் அத்தியாயத்தில் செடிகள் நம் ஊரைப் போலவே நிமிர்ந்து நிற்கின்றன. வெளிச்சம் கீழே இருந்தால் அது எப்படி? அப்புறம், பர்மாத் தமிழர் பட்ட பாடே எழுத ஆளில்லாமல் கிடக்கும்போது இல்லாத ஊரை எதற்கு எழுத வேண்டும்? கோபித்துக்கொள்ளாதீர்கள்.

தாட்டோனிலிருந்து ஒரு வாசகன்

அன்புள்ள தம்பி,

கோபம் எதற்கு? செடி விஷயத்தில் நீங்கள் சொன்னதுதான் சரி. தப்பு என்னுடையது, திருத்தி எழுதிக்கொண்டிருக்கிறேன். திருத்த உட்கார்ந்த பிறகுதான் அந்த உலகமே எனக்கு ஒழுங்காகப் பிடிபட்டது.

நம் மண்ணில் முளைக்கும் தண்டு பூமியின் இழுப்புக்கு எதிராக மேலே போகிறது, வெளிச்சத்தைத் தேடியும் மேலே போகிறது. இரண்டும் ஒரே திசை என்பதால் அதற்குச் சிக்கல் இல்லை. கீழொளியில் இழுப்பு ‘மேலே போ’ என்கிறது, வெளிச்சம் ‘கீழே வா’ என்கிறது. நிலத்தின் நடுவில் விதைத்தால் முளை இருட்டில் வெளுத்துச் சாகும். ஓரத்தில் விதைத்தால் ஒரு சாண் எழும்பி, விளிம்பைத் தாண்டி வளைந்து, தண்ணீரைப் பார்த்துக் கொடியாகத் தொங்கும். ஆக, விளைச்சல் முழுவதும் ஓரத்தில். ஆனால் மிதக்கும் நிலம் நடுவில்தான் தடிமன், ஓரத்தில் மெல்லியது. தடிமனான இடத்தில்தான் இருட்டு, தூக்கம். சோறு விளைவிக்கிறவனுக்கு இரவு கிடையாது. ஏழு அத்தியாயம் எழுதியும் இது என் கண்ணில் படவில்லை. உங்கள் ஒரு கேள்வி காட்டிவிட்டது.

மீன்களைப் பற்றி மட்டும் முன்பே யோசித்திருந்தேன். நம் ஆற்று மீன்களில் பெரும்பாலானவற்றுக்கு முதுகு கருமை, வயிறு வெளுப்பு. வெளிச்சம் மேலிருந்து விழுவதால் அந்த நிறம் அவற்றை மறைக்கிறது. காங்கோ நதியில் ஒரு கெளுத்தி மல்லாந்து நீந்துகிறது, அதற்கு வயிறுதான் கருப்பு. அந்த ஒரு மீனைப் பார்த்துத்தான் கீழொளியின் மீன்கள் எல்லாவற்றுக்கும் வயிற்றைக் கருப்பாக்கினேன்.

புது உலகம் கற்பிக்க விரும்புகிறவர்கள் தொல்காப்பியத்தின் அகத்திணையியலைப் படித்தாக வேண்டும் என்பது என் உறுதியான எண்ணம். அங்கே முதற்பொருள் என்பது நிலமும் பொழுதும். தெய்வம், உணவு, மரம், பறவை, பறை, தொழில் எல்லாம் கருப்பொருள், நிலத்துக்கும் பொழுதுக்கும் தக்கபடி வருபவை. மனிதர் மனதில் நிகழ்வது உரிப்பொருள். நம்மில் பலர் தெய்வத்திலும் பூதத்திலும் தொடங்கிவிட்டு நிலத்தைத் திரைச்சீலையாகப் பின்னால் தொங்கவிடுகிறோம். அப்படி எழுதினால் பூதம் மட்டும் நிற்கும், ஊர் நிற்காது. நான் நிலத்தையும் பொழுதையும் மட்டும் மாற்றினேன். அங்கே பொழுது ஊருக்குப் பொது இல்லை, வீட்டுக்கு வீடு வேறு. பாய் விரித்த வீட்டில் இரவு. எத்தனை பாய் அடுக்குகிறார்களோ அந்த அளவுக்கு இருட்டு. ‘மூன்று பாய் இரவு’ என்று அவர்கள் பேசுவது அதனால்தான்.

மிதக்கும் நிலம் என் கற்பனை இல்லை. பர்மாவின் ஷான் மாநிலத்தில், கிட்டத்தட்ட 2,900 அடி உயரத்தில் இருக்கும் இன்லே ஏரிக்கு ஒருமுறை போயிருந்தேன். அங்கே ஏரியிலேயே வாழும் ‘இந்தா’ இன மக்கள் நீர்ப்பாசியும் களையும் பின்னிக் கிடக்கும் மெத்தையைப் பட்டை பட்டையாக அறுத்து, படகில் கட்டி இழுத்து வந்து, மூங்கில் கழிகளைக் குத்தி நிறுத்தி, ஏரியடிச் சேற்றை வாரிப்போட்டுத் தக்காளி போடுகிறார்கள். தண்ணீர் ஏறினால் தோட்டமும் கூடவே ஏறும். ஒரு பாத்தியில் கால் வைத்துப் பார்த்தேன். பாதம் அமிழ்ந்து விரலிடுக்கில் குளிர்ந்த தண்ணீர் வந்தது. நான்கு முழம் தள்ளி நின்ற தக்காளிச் செடி தலையாட்டியது. என் கனம் அதுவரை போயிருக்கிறது! அன்றைக்குக் கிடைத்தது நிலம்.

வெளிச்சம் அதற்கு வெகுநாள் முன்பே கிடைத்துவிட்டது. தென் பர்மாவில், மோல்மீன் ஊரில் அப்பத்தா வீடு. கால் நட்டு உயர்த்திய வீடு, மூங்கிலைப் பிளந்து பரப்பிய தரை. ஒரு மழைக்கால ராத்திரி வீட்டுக்கடியில் தண்ணீர் புகுந்துவிட்டது. பக்கத்து வீட்டுக்காரர் காணாமல் போன வாத்தைத் தேடி அரிக்கேன் விளக்கோடு எங்கள் வீட்டுக்கடியில் வந்தார். மூங்கில் இடுக்குகளில் வெளிச்சம் கோடு கோடாக மேலே ஏறியது. அப்பத்தாவின் நிழல் தரையில் இல்லை, கூரை ஓலையில் படுத்திருந்தது. விளக்கு நகர நகர அவளும் கூரையில் நகர்ந்தாள். கண் கூசுகிறது என்று நான் அழுததும், தன் பாயை உருவி என் பாய்க்கு அடியில் செருகினாள்.

உங்கள் இரண்டாவது கேள்விக்கும் பதில் இந்த வீட்டில்தான் இருக்கிறது. 1942-ல் குண்டுக்குப் பயந்து நடந்தே இந்தியா போனவர்களையும், 1962-க்குப் பிறகு கடையும் தொழிலும் அரசுடைமையாகிக் கப்பலேறியவர்களையும் நம் வீடுகள் ஒவ்வொன்றும் அறியும். என் பெரியப்பா குடும்பம் 1964-ல் போனது. அப்பத்தா போகவில்லை. இதை நேரடியாக எழுத மூன்று தடவை உட்கார்ந்தேன். ஆண்டு வந்தது, கப்பல் வந்தது, அப்பத்தா மட்டும் வரவே இல்லை. கீழொளியில் அவளாகவே வந்துவிட்டாள். ஐந்தாம் அத்தியாயத்தில் படகேறும் மகனிடம் கிழவி இரண்டு பாயைச் சுருட்டிக் கொடுக்கிறாளே, அது அவள்தான். பெரியப்பா கையில் அவள் கொடுத்தனுப்பியதும் கோரைப்பாய்தான்.

மிச்சமிருக்கும் ஒற்றைப் பாயில் கிழவி எப்படித் தூங்கினாள் என்பதைத்தான் எட்டாம் அத்தியாயமாக எழுதிக்கொண்டிருக்கிறேன். அவளை ஓரத்துக்குக் குடிமாற்றிவிட்டேன், தொங்கும் கொடிகளுக்குப் பக்கத்தில்.

அன்புடன்,
அக்கா, ரங்கூன்