ஜெசிகா மௌபாய் பாடகியா, நடிகையா?

இரண்டும்தான். ஆஸ்திரேலியாவின் பூர்வகுடிகளான அபோரிஜினல் மக்களில் ஒருவர். 1989இல் டார்வினில் பிறந்தவர். 2006இல் ஆலிஸ் ஸ்பிரிங்ஸில் நடந்த ‘ஆஸ்திரேலியன் ஐடல்’ என்ற டிவி பாட்டுப் போட்டிக்கான தேர்வில் அமெரிக்கப் பாடகி விட்னி ஹூஸ்டனின் பாட்டைப் பாடி அசத்தினார்.

நடிப்பு அப்புறம்தான் வந்தது. அவர் நடித்த ‘தி சஃபையர்ஸ்’ (2012) படம், வியட்நாம் போரில் படைவீரர்களுக்காகப் பாடப் போன நான்கு அபோரிஜினல் பெண்களின் கதை. அதற்கு நிஜமாகவே பாடத் தெரிந்தவர் தேவைப்பட்டார். சைக்கிள் ஓட்டியவருக்கு பைக்கில் பாலன்ஸ் தனியாகச் சொல்லித்தர வேண்டியதில்லையே, அப்படி மேடைப் பழக்கம் கேமரா முன்னும் கைகொடுத்தது. சிறந்த துணை நடிகைக்கான ஆக்டா விருதும் (ஆஸ்திரேலியத் திரைப்பட விருது) கிடைத்தது; முழுக்கத் தகுதியான விருது என்பேன்.

2018இல் யூரோவிஷன் என்ற சர்வதேசப் பாட்டுப் போட்டியில் ஆஸ்திரேலியாவுக்காகப் பாடினார். ஐடலில் ஜெயித்ததால்தான் இதெல்லாம் என்று பலர் நினைக்கிறார்கள். இல்லை, அங்கே அவருக்கு இரண்டாமிடம்தான்.